ரட்ஷயர் ரகளை!

முதலில் ‘ரைவல்ஸ்’ தொடரின் அந்த டென்னிஸ் சமாசாரத்தைப் பேசி முடித்துவிடுவோம். இல்லாவிட்டால் கட்டுரை முழுக்க உங்கள் மனசு அங்கேயே நிற்கும். ஆமாம், ஆடுகிறார்கள். அலெக்ஸ் ஹாசலும் எமிலி அட்டாக்கும், பட்டப்பகலில், உடுப்பு என்று சொல்லத்தக்க எதுவும் இல்லாமல், மும்முரமாக. படம்பிடித்த இடத்திலோ கிளுகிளுப்புக்கு வழியே இல்லை. சண்டைக் காட்சிக்கு ஸ்டன்ட் மாஸ்டர் மாதிரி, இப்போதெல்லாம் பிரிட்டிஷ் படப்பிடிப்புகளில் நெருக்கமான காட்சிகளுக்கென்றே ஓர் ஒருங்கிணைப்பாளர் இருக்கிறார். யார் கை எங்கே போகும், எங்கே நின்றுவிடும் என்பதெல்லாம் முன்கூட்டியே பேசி, ஒப்புக்கொண்டு, ஒத்திகை பார்த்த பிறகுதான் கேமரா ஓடும். ‘ரைவல்ஸ்’ குழுவிலும் அப்படித்தான்.

போச்சா சுவாரஸ்யம்? இருங்கள், நிஜமான சுவாரஸ்யம் வேறு இடத்தில் இருக்கிறது.

2024 அக்டோபர் 18 அன்று, மிக்கி மவுஸை வளர்த்த அதே டிஸ்னியின் ஓடிடி தளத்தில் 8 அத்தியாயங்களாக வந்து இறங்கியது இந்தத் தொடர். மூலம், ஜில்லி கூப்பரின் 1988ஆம் ஆண்டு நாவல். கதை நடப்பது 1986இல், கோட்ஸ்வோல்ட்ஸ் மலைச்சரிவில், ரட்ஷயர் என்ற கற்பனை மாவட்டத்தில். அங்கே கொரினியம் என்றொரு தொலைக்காட்சி நிறுவனம். (பக்கத்தில் நிஜமாகவே இருக்கும் சைரன்செஸ்டர் நகருக்கு ரோமானியர் வைத்த பெயர்தான் கொரினியம். அம்மணி சும்மா பெயர் வைக்கவில்லை.) அதன் முதலாளி லார்டு டோனி பாடிங்ஹாம். ‘டாக்டர் ஹூ’வில் உலகத்தைக் காப்பாற்றிக்கொண்டிருந்த டேவிட் டெனன்ட், இதில் வாயில் சுருட்டோடு ஊரையே விலை பேசுகிறார்.

அவருக்கு எதிரி, ரூபர்ட் காம்ப்பெல்-பிளாக். குதிரைச் சவாரி வீரர், அமைச்சர், மன்மதன். முதல் காட்சியே கான்கார்டு விமானத்தில். விமானம் ஒலியின் வேகத்தைத் தாண்டும் நேரத்தில், கழிவறைக்குள் ரூபர்ட் தனியாக இல்லை. இப்படித்தான் தொடங்குகிறது, இதற்கு மேல் என்னிடம் விவரம் கேட்காதீர்கள். நாவலில் ரூபர்ட்டுக்குப் பொன்னிறத் தலைமுடி. தொடரில் ரூபர்ட்டாக வரும் ஹாசலுக்கோ கறுத்த முடி. அறிவிப்பு வந்ததும் புத்தக ரசிகைகள் பொங்கி எழுந்தார்கள். தொடர் வந்ததும் அடங்கிவிட்டார்கள்.

படப்பிடிப்புத் தளத்தின் கதையை நான் இன்னும் நாலு பேரிடமாவது சொல்லுவேன். பிரிஸ்டல் நகரில் பாட்டில் யார்டு என்று ஒரு ஸ்டூடியோ. பெயரே காட்டிக்கொடுக்கிறதே! முன்பு அங்கே ஹார்வீஸ் கம்பெனியின் ஒயினைப் பாட்டிலில் அடைத்துக்கொண்டிருந்தார்கள். ஒரு காட்சிக்கு ஒரு கிளாஸாவது காலியாகும் தொடருக்கு இதைவிடப் பொருத்தமான ராசி எங்கே கிடைக்கும்? அதே பிரிஸ்டலை ஒட்டிய ஃபில்டனில்தான் பிரிட்டனின் கான்கார்டு விமானங்களும் உருவாயின.

டெட்பரி ஊருக்குப் பக்கத்தில் சாவனேஜ் மாளிகை. டெக்லன் ஓஹாரா என்ற ஐரிஷ் பேட்டியாளர் குடும்பத்தோடு குடியேறும் வீடு அது. டெக்லனாக வருபவர் ஏய்டன் டர்னர், ஆளைவிட முந்திக்கொண்டு வரும் மீசையோடு. ‘போல்டார்க்’ தொடரில் இதே டர்னர் நொடித்துப்போன வீட்டுப் பிள்ளையாக நடித்தார். அதில் வசதியான பெரியப்பா வீடாகக் காட்டப்பட்டது எது தெரியுமா? இதே சாவனேஜ்! அங்கே வாசலில் நின்று முறைத்தவர், இங்கே சாவியோடு உள்ளே நடக்கிறார்.

நடிகர் தேர்விலும் இப்படியொரு குறும்பு உண்டு. எலெக்ட்ரானிக்ஸில் காசு பார்த்த புதுப் பணக்காரர் ஃப்ரெடி ஜோன்ஸாக வருபவர் டேனி டயர். கிழக்கு லண்டன் உழைப்பாளிக் குடும்பத்துப் பிள்ளை, பேச்சிலும் அந்த மண்ணின் வாடை மாறாதவர். ஆனால் 2016இல் பிபிசியின் வம்சாவளி நிகழ்ச்சி ஒன்று அவர் குடும்பக் கொடியைத் தோண்டிக்கொண்டே போனபோது, அடியில் மன்னர் மூன்றாம் எட்வர்டு உட்கார்ந்திருந்தார். ‘லார்டு’களின் விருந்தில் கொஞ்சம் ஓரமாகவே வைக்கப்படும் பாத்திரத்தில் ஒரு ராஜ வம்சத்தார்!

எழுத்தாளர் அணியும் அதற்கேற்ற சேர்மானம்தான். டொமினிக் ட்ரெட்வெல்-காலின்ஸ் ஒரு காலத்தில் ‘ஈஸ்ட்எண்டர்ஸ்’ என்ற உழைப்பாளிக் குடியிருப்பின் நெடுந்தொடரை நடத்தியவர். லாரா வேடு, ஆக்ஸ்ஃபோர்டு கனவான் பிள்ளைகளின் அட்டூழியத்தை ‘பாஷ்’ என்று நாடகமாக்கியவர். ஒருவருக்கு அடித்தட்டு அத்துபடி, இன்னொருவருக்கு மேல்தட்டு. ஜில்லி கூப்பரும் நிர்வாகத் தயாரிப்பாளராகக் கூடவே இருந்தார்.

அந்தஸ்து என்பது இங்கிலாந்தில் வங்கிக் கணக்கில் இல்லை, வாயில் இருக்கிறது. சாப்பாட்டு மேசைத் துணியை ‘நாப்கின்’ என்றால் மேட்டுக்குடி. ‘செர்வியட்’ என்று நாகரிகமாகச் சொல்லிவிட்டதாக நினைத்தால், அவ்வளவுதான், மாட்டிக்கொண்டீர்கள். ‘டாய்லெட்’ என்பவரை ‘லூ’ என்பவர் ஒரு புருவ அசைவில் தீர்த்துவிடுவார். 1950களில் ஆலன் ராஸ் என்ற மொழியியல் பேராசிரியர் இதை ஆய்வுக் கட்டுரையாகவே எழுத, நான்சி மிட்ஃபோர்டு அதை ஊரறியச் செய்தார். கூப்பரும் 1979இல் ‘கிளாஸ்’ என்று இதற்கென்றே ஒரு புத்தகம் போட்டார். ஆகவே இந்தத் தொடரைப் பார்க்கும்போது முகங்களை விட்டுவிட்டுப் பின்னால் பாருங்கள். பழைய பணத்தின் வீட்டில் சோபா கிழிந்திருக்கும், அதன்மேல் நாய் படுத்திருக்கும், யாரும் கவலைப்பட மாட்டார்கள். புதுப் பணத்தின் வீட்டில் எல்லாம் பளபளக்கும், யாருக்கும் நிம்மதியாக உட்கார வராது. வசனம் சொல்லாததைக் கலை இயக்குநர் சொல்லிவிடுகிறார். ஃப்ரெடியின் மனைவி வேலரியாக வரும் லிசா மெக்ரில்லிஸ், ஒவ்வொரு சொல்லையும் இஸ்திரி போட்டுவிட்டுத்தான் வெளியே விடுகிறார். சிரிப்பும் வரும், பாவமாகவும் இருக்கும்.

சரி, இத்தனை பேரும் எதற்காக அடித்துக்கொள்கிறார்கள்? பெண்ணுக்கா, நிலத்துக்கா? ஒரு தொலைக்காட்சி உரிமத்துக்கு! 1955இல் ஐடிவி என்ற தனியார் தொலைக்காட்சி தொடங்கியபோது, நாட்டை வட்டாரம் வட்டாரமாகப் பிரித்துக் கம்பெனிகளிடம் ஒப்படைத்தார்கள். லண்டனை வார நாளுக்கு ஒரு கம்பெனி, வார இறுதிக்கு ஒரு கம்பெனி என்று பங்கு பிரித்தார்கள். விளம்பரக் காசு கொட்டும், போட்டி கிடையாது. ஆனால் கெடு வந்தால் மறுபடி கைகட்டி நின்று உரிமம் கேட்க வேண்டும். 1980 டிசம்பர் இறுதியில் வந்த தீர்ப்பில் சதர்ன், வெஸ்ட்வர்டு என இரண்டு பழந்தலைகள் உருண்டன. அந்த இடங்களுக்கு வந்த டிவிஎஸ், டிஎஸ்டபிள்யூ இரண்டும் 1991இல் தாமும் உருண்டன. அந்த ஆண்டு முறையே மாறி, ஏலம். லண்டன் வார நாட்களுக்கு கார்ல்டன் கேட்ட தொகை ஆண்டுக்கு 4 கோடி பவுண்டுக்கும் மேல். எதிர்த்து நிற்க ஆளே இல்லை என்று மோப்பம் பிடித்த சென்ட்ரல் கம்பெனி எவ்வளவு எழுதியது? வெறும் 2,000 பவுண்டு! ஜெயித்தும்விட்டது. இதை நாடகத்தில் வைத்தால் நம்ப மாட்டோம்.

கூப்பரைப் பற்றி ஒன்று சொல்லாமல் விட்டால் என் கை அரிக்கும். இந்த ரட்ஷயர் நாவல் வரிசையில் முதலாவதான ‘ரைடர்ஸ்’ கையெழுத்துப் பிரதியை அவர் லண்டன் பேருந்தில் மறந்து வைத்துவிட்டு இறங்கிவிட்டார். திரும்பக் கிடைக்கவே இல்லை. முதலிலிருந்து எழுதி, அது அச்சானது 1985இல். கம்ப்யூட்டர் பக்கம் போகாமல் கடைசிவரை தட்டச்சுப் பொறியில்தான் எழுதினார். அதன் பெயர் மோனிகா. லார்டு பாடிங்ஹாமின் மனைவி பெயரும் மோனிகாதான்!

2025 அக்டோபர் 5 அன்று, 88 வயதில், ஜில்லி கூப்பர் காலமானார். அடுத்த மாதமே நியூயார்க்கில் ‘ரைவல்ஸ்’ சிறந்த நாடகத் தொடருக்கான சர்வதேச எம்மி விருதை வாங்கியது. இரண்டாம் பருவத்துக்கு 12 அத்தியாயங்கள். ஹெய்லி அட்வெல்லும் ரூபர்ட் எவரெட்டும் புதிதாகச் சேர்கிறார்கள். முதல் பருவத்தை இன்னும் பார்க்காதவர்கள் தொடங்கிவிடுங்கள். ஆனால் பிள்ளைகள் தூங்கிய பிறகு. அப்பவும் ரிமோட் கைக்கெட்டும் தூரத்திலேயே இருக்கட்டும்.