ஒளியை விழுங்கும் மீன்கள்

மாணவர்களே, 'அவதார்' திரைப்படத்தில் வரும் பண்டோரா காடு உங்களுக்கு நினைவிருக்கலாம். இரவானதும் அங்கே மரம், செடி, கொடி எல்லாமே ஒளிவிடும். அந்தக் காட்டில் வாழும் புதிய விலங்கு ஒன்றைக் கற்பனை செய்து வரையச் சொன்னால் எப்படி வரைவீர்கள்? நீலமும் பச்சையுமாக மின்னும் விலங்கைத்தான் நம்மில் பலர் வரைவோம். ஆனால், எல்லாம் ஒளிரும் இடத்தில் மறைந்து வாழவேண்டிய விலங்குக்கு அந்த மினுமினுப்பு ஆபத்து. தன்மீது விழும் ஒளியைத் திருப்பி அனுப்பாமல் விழுங்கிவிடும் உடல்தான் அதற்குத் தேவை.

அத்தகைய உயிரினங்கள் உண்மையாகவே இருக்கின்றன. நம் பூமியின் ஆழ்கடலில்தான் அவை வாழ்கின்றன.

இருட்டில் ஓர் ஒளி உலகம்

கடலில் 200 மீட்டருக்குக் கீழே சூரிய ஒளி மங்கிவிடும். 1,000 மீட்டருக்குக் கீழே அது எட்டுவதே இல்லை. ஆனாலும் அங்கே வெளிச்சம் உண்டு. அதை உண்டாக்குபவை அங்கு வாழும் உயிரினங்களே. கலிபோர்னியா கடற்பகுதியில் எடுத்த காணொளிகளை ஆராய்ந்து 2017இல் வெளியான ஓர் ஆய்வு, நீரில் காணப்பட்ட விலங்குகளில் ஏறக்குறைய நான்கில் மூன்று பங்கு ஒளியை உண்டாக்கக்கூடியவை என்று தெரிவித்தது.

இந்த ஒளி அழகுக்காக அல்ல. தூண்டில் மீனின் தலையிலிருந்து நீளும் தண்டின் நுனியில் ஒளிரும் பாக்டீரியாக்கள் வாழ்கின்றன. அந்த ஒளியை நாடி வரும் சிறு மீன் அதற்கு இரையாகிவிடும். டிராகன் மீன்கள் சிலவற்றுக்குக் கண்ணுக்கு அருகிலேயே ஒளியுறுப்பு உண்டு. கைவிளக்குபோல அதைக் கொண்டு அவை இரை தேடுகின்றன.

நடுக்கடலில் ஒளிந்துகொள்ளப் பாறையும் இல்லை, கடற்பாசியும் இல்லை. மீனின் தோலில் பட்டு ஒளி சிறிதளவு திரும்பினாலும் எதிரி அதைக் கண்டுபிடித்துவிடும். வேட்டையாடும் மீனுக்கும் இதே சிக்கல்தான். தன் தூண்டில் ஒளி தன் முகத்திலேயே பட்டுத் தெரிந்தால், வந்த இரை தப்பியோடிவிடும்.

படத்தில் விழாத மீன்

அமெரிக்காவின் ஸ்மித்சோனியன் இயற்கை வரலாற்று அரும்பொருளகத்தைச் சேர்ந்த கேரன் ஆஸ்போர்ன், வலையில் சிக்கிய ஆழ்கடல் மீன்களைப் படமெடுக்க முயன்றார். எவ்வளவு வெளிச்சம் காட்டியும் மீனின் நிழலுருவம் மட்டுமே படத்தில் விழுந்தது. காரணம் அறிய, அவரும் டியூக் பல்கலைக்கழகத்தின் அலெக்சாண்டர் டேவிசும் மற்ற ஆய்வாளர்களும் மான்டரே விரிகுடாவிலும் மெக்சிகோ வளைகுடாவிலும் பிடித்த மீன்களின் தோலை ஆராய்ந்தனர். முடிவுகள் 2020இல் வெளியாயின.

16 வகை மீன்களின் தோல், தன்மீது படும் ஒளியில் 0.5 விழுக்காட்டுக்கும் குறைவாகவே திருப்பி அனுப்பியது. அவற்றுள் மிகக் கறுப்பானது ஒரு தூண்டில் மீன். அது திருப்பி அனுப்பியது 0.04 விழுக்காடு மட்டுமே. அதாவது, 10,000 ஒளித்துகள்கள் விழுந்தால் நான்கு மட்டுமே திரும்பும். நாம் கறுப்பு என்று சொல்லும் கைவினைத் தாள்கூட ஏறக்குறைய 10 விழுக்காட்டு ஒளியைத் திருப்பி அனுப்புகிறது.

எப்படி முடிகிறது?

வீட்டிலேயே ஒரு சோதனை செய்து பாருங்கள். காலணிப் பெட்டி ஒன்றின் உட்புறம் முழுவதும் கறுப்புத் தாள் ஒட்டுங்கள். மூடியின் மேற்புறத்திலும் ஒட்டி, நடுவில் 20 காசு நாணய அளவுக்கு ஒரு துளை இடுங்கள். மூடியபின் பாருங்கள். சுற்றியுள்ள கறுப்புத் தாளைவிடத் துளை இன்னும் கறுப்பாகத் தெரியும். உள்ளே நுழைந்த ஒளி சுவருக்குச் சுவர் மோதி, ஒவ்வொரு முறையும் சிறிது சிறிதாக உறிஞ்சப்படுவதே காரணம்.

மீனின் தோலிலும் இதைப் போன்ற ஒன்றே நடக்கிறது. நம் முடிக்கும் தோலுக்கும் நிறம் தரும் மெலனின்தான் அங்கும் இருக்கிறது. மெலனோசோம் எனப்படும் நுண்ணிய பைகளில் அது நிரம்பியுள்ளது. சாதாரணக் கறுப்பு மீன்களில் நிறமிகளுக்கு நடுவே இடைவெளி உண்டு. இந்த மீன்களில் அவை இடைவெளியின்றி நெருங்கி அடுக்கப்பட்டுள்ளன. ஒரு பை உறிஞ்சாமல் விட்ட ஒளியும் வெளியே திரும்புவதில்லை. பைகளின் அளவும் வடிவமும் அதைப் பக்கவாட்டில் சிதறடிக்க, அடுத்த பை அதை உறிஞ்சிக்கொள்கிறது.

இதனால் என்ன பயன்? திரும்பும் ஒளி 2 விழுக்காட்டிலிருந்து 0.05 விழுக்காடாகக் குறைந்தால், எதிரி அந்த மீனைப் பார்க்கக்கூடிய தூரம் ஆறில் ஒரு பங்குக்கும் குறைவாகிவிடும் என ஆய்வாளர்கள் கணக்கிட்டனர். ஆறு மீட்டர் தொலைவிலேயே தெரிந்திருக்க வேண்டிய மீன், ஒரு மீட்டர் அருகில் வந்தாலும் தெரியாது.

நமக்கும் இது உதவலாம். தொலைநோக்கி, கேமரா ஆகியவற்றின் உள்ளே தேவையற்ற ஒளி சிதறினால் படம் கெடும். அதைத் தடுக்க மிகக் கறுப்பான பூச்சு தேவை. கரிம நுண்குழாய்களால் ஆன வாண்டாபிளாக் 99.96 விழுக்காட்டு ஒளியை உறிஞ்சினாலும், கை பட்டால் எளிதில் சேதமாகும். மீன் தோலின் அமைப்பு, உறுதியான பூச்சுக்கு வழிகாட்டும் என ஆய்வாளர்கள் எதிர்பார்க்கின்றனர்.

இன்னொரு செய்தி. 16 வகைகளுள் ஒன்றுக்குக் குடலைச் சுற்றி மட்டுமே இந்தக் கறுப்பு இருக்கிறது. அது விழுங்கிய இரை வயிற்றுக்குள்ளும் ஒளிவிட்டால், அந்த வெளிச்சம் வெளியே தெரியாமல் மறைப்பதற்காக இருக்கலாம். ஆகவே, ஒளிரும் காட்டுக்கு ஒரு விலங்கை வரையும்போது, அது எதைத் தின்னும் என்பதையும் யோசித்து அதன் வயிற்றுக்கு நிறம் கொடுங்கள்!