அச்சகத்துக்கும் ஜாமீன் கேட்ட காலம்

மும்பை: கோட்டைப் பகுதியில் உள்ள எல்பின்ஸ்டன் வட்டத்துக்கு, விடுதலைக்குப் பின் ஓர் ஆங்கிலேயரின் பெயரே மீண்டும் சூட்டப்பட்டது. அவர், 'பாம்பே கிரானிக்கிள்' ஆசிரியர் பி.ஜி. ஹார்னிமன். பெரோஸ்ஷா மேத்தா 1913இல் தொடங்கிய அந்த நாளிதழில் ஆங்கிலேய ஆட்சியைக் கடுமையாகச் சாடியதால், 1919 ஏப்ரலில் நாடு கடத்தப்பட்டார்.

அன்று நாளிதழ் தயாரிப்பதே பெரும்பாடு. வெளிநாட்டுச் செய்திகள் ராய்ட்டர் தந்தியாக வரும். தமிழ் இதழ்களுக்கு மொழிபெயர்ப்புச் சுமையும் உண்டு. 1904இல் சென்னை 'சுதேசமித்திரன்' துணை ஆசிரியரான பாரதியாரின் முதன்மைப் பணி அதுவே. பிரதி கைக்கு வந்ததும், அச்சுக்கோப்பவர் அறை அறையாகப் பிரித்த தட்டிலிருந்து ஈய எழுத்துகளை ஒவ்வொன்றாகப் பொறுக்கி, வரிவரியாக அடுக்குவார். எழுத்துகள் இடவலம் மாறியே தெரியும். உயிர்மெய் வடிவங்கள் மிகுந்த தமிழுக்கு அறைகளும் மிகுதி. மெய்ப்புத் திருத்தி, பக்கத்தை இரும்புச் சட்டத்தில் இறுக்கி, பொறியில் ஏற்ற வேண்டும். அச்சானபின் அதே எழுத்துகளைக் கழுவி, உரிய அறைகளில் திரும்பப் போட்டால்தான் மறுநாள் இதழ்.

இத்தனை உழைப்பையும் ஓர் உத்தரவால் முடக்க அரசுக்கு வழியிருந்தது. 1910ஆம் ஆண்டு அச்சகச் சட்டப்படி, புதிய அச்சகம் 500 முதல் 2,000 ரூபாய் வரை ஜாமீன் கட்ட வேண்டும். ஆட்சேபத்துக்குரியதை அச்சிட்டால் அது பறிமுதல். மறுபடியும் அச்சிட, 10,000 ரூபாய் வரை கேட்கலாம். அதன் பிறகும் 'தவறினால்' அச்சகமே பறிபோகும். எழுதியவரைத் தேடுவதைவிட அச்சிட்டவரைப் பிடிப்பது அரசுக்கு எளிது. அச்சட்டத்துக்கு முன்பே, 1908இல் 'இந்தியா' வார இதழ் வழக்கில் சிறை சென்றவர் பாரதியார் அல்லர். பதிவேட்டில் பெயர் இருந்த சீனிவாசன்.

ஹார்னிமன் வெளியேற்றப்பட்டபின் 'கிரானிக்கிள்' சிறிது காலம் நின்றது. அதற்குச் சில வாரங்கள் முன்னர், 1919 ஏப்ரல் 7இல், காந்தியடிகள் பம்பாயில் 'சத்தியாக்கிரகி' என்ற சிற்றிதழை வேண்டுமென்றே பதிவு செய்யாமல் வெளியிட்டார். படித்தவர்கள் கையால் படியெடுத்து நண்பர்களுக்குத் தர வேண்டும் என்பது அவரது வேண்டுகோள். கைப்பிரதியிடம் ஜாமீன் கேட்க முடியாதல்லவா!

1910ஆம் ஆண்டுச் சட்டம் 1922இல் நீக்கப்பட்டது. அச்சக உரிமையாளர் மாஜிஸ்திரேட் முன் உறுதிமொழி தர வேண்டும் என்ற 1867ஆம் ஆண்டுச் சட்டமோ, விடுதலைக்குப் பின்னும் பல திருத்தங்களுடன் நீடித்தது. அதன் இடத்தில் புதிய சட்டம் நடைமுறைக்கு வந்தது 2024 மார்ச் 1ஆம் தேதிதான்.