இமேஜ் விற்ற லார்டு!

நூறு பேர் வேண்டும். வேலை கிடைக்காதவர்கள் மாதிரி முகத்தைத் தொங்கப் போட்டுக்கொண்டு க்யூவில் நிற்க வேண்டும். அவ்வளவுதான்.

வந்து சேர்ந்தது இருபது சொச்சம் பேர்!

வருஷம் 1978. ஊர் லண்டன். வந்தவர்கள் நிஜத்தில் வேலையில்லாதவர்களும் இல்லை. ஹென்டன் பகுதி கன்சர்வேடிவ் கட்சியின் இளைஞர் அணிப் பிள்ளைகள். நம் ஊராக இருந்தால் பிரியாணி பொட்டலத்தைக் காட்டி இரண்டு லாரி நிறைய ஆள் இறக்கியிருப்பார்கள். அங்கே அந்த நாகரிகம் இன்னும் வளரவில்லை போலிருக்கிறது. போட்டோகிராபர் அசரவில்லை. இருந்த இருபது பேரையே இடம் மாற்றி மாற்றி நிற்க வைத்து எடுத்தார். படங்களை வெட்டி ஒட்டினார்கள். பாம்பு மாதிரி நீண்ட க்யூ ரெடி!

மேலே கொட்டை எழுத்தில் மூன்றே வார்த்தை: ‘லேபர் இஸின்ட் வொர்க்கிங்’. அப்போது பிரிட்டனை ஆண்டது லேபர் கட்சி. ‘லேபர் ஆட்சி வேலைக்கு ஆகாது’ என்றும் படிக்கலாம். ‘உழைப்பாளிக்கு வேலை இல்லை’ என்றும் படிக்கலாம்.

தயாரித்தது ஸாச்சி அண்ட் ஸாச்சி என்ற விளம்பரக் கம்பெனி. பாக்தாத்தில் பிறந்த இரண்டு சகோதரர்கள் 1970-ல் ஆரம்பித்தது. கட்சி அக்கவுண்ட்டைக் கவனித்தவர் பெயர் டிம் பெல். ‘மூன்றாவது ஸாச்சி’ என்பார்கள். காலேஜ் பக்கம் போகாதவர். 18 வயதில் ஒரு டெலிவிஷன் கம்பெனியில் தபால் கட்டுகளைத் தூக்கிக்கொண்டு மாடிப்படி ஏறி இறங்கியவர்.

போஸ்டரைப் பார்த்த மார்கரெட் தாட்சர் முகம் சுளித்தாராம். ‘நம் போஸ்டரில் எதிர்க்கட்சி பெயர் எதற்கு இத்தனை பெரிசாய்?’ என்று. பெல்லே பிற்பாடு சொன்ன கதை இது. எப்படியோ சம்மதிக்க வைத்தார். அப்புறம் உதவி செய்தது யார் தெரியுமா? சாட்சாத் லேபர் கட்சி நிதி மந்திரி டெனிஸ் ஹீலி! ‘இது போலி க்யூ’ என்று அவர் கொதித்தெழ, பத்திரிகைகளும் டி.வி.யும் அந்தப் படத்தைத் திரும்பத் திரும்பக் காட்டின. சில சுவர்களில் ஒட்டிய போஸ்டரை ஓசியில் ஊர் முழுக்க ஒட்டியாயிற்று.

1979 மே மாதம் தாட்சர் பிரதமர். போஸ்டர்தான் ஜெயிக்க வைத்தது என்று சொன்னால் அது விளம்பரக் கம்பெனியின் விளம்பரம். அந்தக் குளிர்காலம் முழுக்க நடந்த ஸ்டிரைக்குகளில் குப்பை அள்ள ஆளில்லாமல் லண்டன் நாறியதற்கும் பங்கு உண்டு. ஆனால் ஒன்று. 1982-ல் தாட்சரின் ஆட்சியில் வேலையில்லாதவர்கள் தொகை 30 லட்சத்தைத் தாண்டியது. இந்தத் தடவை ஆள் தேட வேண்டியிருக்காது. க்யூ நிஜமாகவே நின்றது!

பெல் கிராஃப் மட்டும் மேலேதான். 83-லும் 87-லும் தாட்சருக்கு ஆலோசனை. 1984-ல் சுரங்கத் தொழிலாளர்கள் ஸ்டிரைக் செய்தபோது நிலக்கரி வாரியத்தின் பக்கம் உட்கார்ந்துகொண்டு யோசனை. 1990-ல் ‘சர்’ பட்டம். 1998-ல் ‘லார்டு’. இடையில் 1985-ல் ஸாச்சியை விட்டு வெளியே வந்து, கூட்டாளிகள் மாறி, போர்டுகள் மாறி, கடைசியில் நின்ற பெயர் ‘பெல் பாட்டிஞ்சர்’. சோப்பு, பிஸ்கட் விளம்பரமெல்லாம் கிடையாது. மனிதர்களின், கம்பெனிகளின், சர்க்கார்களின் பெயரைத் துடைத்துப் பளபளப்பாக்கித் தருகிற பிஸினஸ்.

யார் யார் வந்தார்கள் என்று பார்த்தால் தலை சுற்றும். தென்னாப்பிரிக்காவில் 1994-ல் மண்டேலாவை எதிர்த்து நின்ற டி கிளார்க். 1998-ல் லண்டனில் கைதான சிலி நாட்டு பினோசேயின் ஆதரவாளர்கள். பெலாரஸ் லுகஷென்கோ. ஈராக்கில் பிரசாரப் படங்கள் எடுத்துக் கொடுக்க அமெரிக்க ராணுவம் கொடுத்தது சுமார் 54 கோடி டாலர் என்று 2016-ல் செய்தி வந்தது. நம் ஊர் அட்வர்டைஸிங்காரர்கள் இந்த எண்ணைப் படிக்காமல் தாண்டிவிடுவது உடம்புக்கு நல்லது.

‘கொலைகாரனுக்கும் வக்கீல் உண்டே சார், எங்களுக்கு மட்டும் என்ன?’ - இது இந்தத் தொழிலில் எல்லோரும் சொல்கிற சமாதானம். ஒழுக்கம் பார்ப்பது பாதிரியார் வேலை, தன் வேலை இல்லை என்பது பெல்லின் கட்சி.

கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் வக்கீல் கறுப்புக் கோட்டு மாட்டிக்கொண்டு, ‘இன்னாருக்காக ஆஜராகிறேன்’ என்று வக்காலத்தைத் தாக்கல் செய்துவிட்டுத்தான் வாயைத் திறக்கிறார். எதிரே இன்னொரு வக்கீல். மேலே ஜட்ஜ். இமேஜ் வியாபாரியோ திரைக்குப் பின்னால். அவர் எழுதித் தருவதை இன்னொருவர் தன் சொந்த மனசாட்சி போலப் படிப்பார். கேட்கிறவனுக்குப் பின்னால் இருக்கும் பில் தெரியாது.

நம்மைச் சுடுகிற உதாரணம் ஒன்று. 2011-ல் லண்டன் நிருபர்கள் சிலர், உஸ்பெகிஸ்தான் சர்க்காரின் ஏஜென்டுகள் போல வேஷம் போட்டு பெல் பாட்டிஞ்சர் ஆபீஸுக்குப் போனார்கள். ரகசியக் கேமராவுடன். வந்தது பெரிய பார்ட்டி என்று நம்பிய அதிகாரிகள் தங்கள் சாதனைகளை அடுக்கினார்கள். அதில் ஒன்று: முந்தைய ஆண்டு இலங்கை ஜனாதிபதி மகிந்த ராஜபக்ஷ ஐ.நா. சபையில் ஆற்றிய உரையை எழுதியது தாங்கள்தான்; அதற்கு நல்ல வரவேற்பு!

2009 மே மாதம் முள்ளிவாய்க்காலில் என்ன நடந்தது என்று நமக்குத் தெரியும். அடுத்த வருஷமே உலக சபையில் ஏறி அந்த நாட்டின் தலைவர் என்ன சொல்லப் போகிறார் என்று, உறவுகளைத் தேடிக்கொண்டிருந்தவர்கள் காது கொடுத்திருப்பார்கள். அந்த வார்த்தைகளை லண்டனில் ஃபீஸ் வாங்குகிற ஒரு கம்பெனி தயாரித்ததாக, அடுத்த கஸ்டமரைப் பிடிக்கும் மீட்டிங்கில் சாம்பிள் துணி மாதிரி எடுத்துக் காட்டுகிறார்கள். எனக்கு இந்தக் கதையில் மற்ற எதையும்விட அந்த மீட்டிங்தான் மறக்க மாட்டேன் என்கிறது.

அந்த விவகாரத்தில் கம்பெனி கவிழவில்லை. நாலு நாள் சத்தம், அப்புறம் வழக்கம்போல. கவிழ்த்தது நம்ம சகாரன்பூர்!

உத்தரப் பிரதேசம் சகாரன்பூரிலிருந்து 1993-ல் தென்னாப்பிரிக்கா போன குப்தா சகோதரர்கள் அங்கே ஜனாதிபதி ஜேக்கப் ஜூமாவுக்கு நெருங்கி, மந்திரி பதவிவரை தலையிடுகிறார்கள் என்று பெயர் நாறிக்கொண்டிருந்த நேரம். 2016 ஜனவரியில் பெல் நேரில் போய்ப் பேசினார். மாதம் ஒரு லட்சம் பவுண்டு. அன்றைய மதிப்பில் ஏறக்குறைய ஒரு கோடி ரூபாய். அடுத்து அந்த நாட்டில் ஒரு வாசகம் பலமாகக் கிளம்பியது: ‘வெள்ளையர் ஏகபோக மூலதனம்’. அதாவது, குப்தாக்களைப் பற்றிப் பேசாதீர்கள், பணமெல்லாம் வெள்ளைக்காரனிடம் இருப்பதைப் பேசுங்கள்.

அந்த ஏற்றத்தாழ்வு பொய்யில்லை. அதுதான் விஷயமே. நிஜமான வலியை எடுத்து, சம்பந்தமில்லாத ஒருவருக்குக் குடையாகப் பிடித்தார்கள். நிறவெறியிலிருந்து மீண்டு இருபது வருஷம்தான் ஆகியிருந்த தேசம் அது. இன்னொரு வேடிக்கை, இந்தப் பிரசாரத்தில் அடிபட்ட பணக்காரர்களில் ஒருவரான யோஹான் ரூபர்ட்டின் ரிஷ்மாண்ட் கம்பெனி, பெல் பாட்டிஞ்சரின் பல வருஷத்து வாடிக்கையாளர்!

பெல் 2016 ஆகஸ்டில் விலகிக்கொண்டார். குப்தா விஷயம் பிடிக்காமல்தான் விலகினேன் என்றார். பிள்ளையார் சுழி போட்டதே அவர்தானே என்று மற்றவர்கள் கேட்டார்கள். தென்னாப்பிரிக்க எதிர்க்கட்சி லண்டன் மக்கள் தொடர்பு சங்கத்தில் புகார் கொடுக்க, 2017 செப்டம்பர் 4-ம் தேதி கம்பெனியைச் சங்கத்திலிருந்து ஐந்து வருஷம் நீக்கினார்கள். அன்று இரவு பி.பி.சி. பேட்டியில் பெல். கம்பெனி பிழைக்குமா என்ற கேள்விக்கு, அநேகமாகப் பிழைக்காது என்கிற தோரணையில் பதில். நடுவே அவருடைய செல்போன் ஒருமுறை அடித்தது. சமாளித்தார். மறுபடியும் அடித்தது! பிரதமர்களுக்கு டி.வி.யில் எப்படி உட்கார வேண்டும் என்று சொல்லிக்கொடுத்தவர்.

பி.காம். படித்தவர்களுக்கு ‘குட்வில்’ ஞாபகம் இருக்கும். சராசரி லாபத்தை இத்தனை வருஷத்தால் பெருக்கு, பார்ட்னர் விலகும்போது பிரித்துக் கொடு என்று பரீட்சையில் பதினைந்து மார்க் கணக்கு வரும். தொட முடியாத சொத்து என்று வாத்தியார் சொல்வார். மில் என்றால் மிஷின் மிஞ்சும். ஜவுளிக்கடை என்றால் சரக்கு மிஞ்சும். இங்கே பேலன்ஸ் ஷீட்டில் நிஜமான சொத்து அந்த ஒன்றுதான். ஹெச்.எஸ்.பி.சி. பேங்க் உள்பட கஸ்டமர்கள் வரிசையாகக் கழன்றார்கள். எட்டே நாள். செப்டம்பர் 12-ம் தேதி கம்பெனி திவால் நிர்வாகிகளின் கைக்குப் போனது. சுமார் 250 பேர் வேலை பார்த்த இடம். குப்தாக்களின் முகத்தைக்கூடப் பார்த்திராத குமாஸ்தாக்களும் இளைஞர்களும் அட்டைப்பெட்டியில் சாமான்களை எடுத்துக்கொண்டு வெளியேற வேண்டியதாயிற்று. அந்த க்யூவை யாரும் போஸ்டர் போடவில்லை.

2018 பிப்ரவரியில் ஜூமா பதவி விலகினார். 2019 ஆகஸ்டில் பெல் தமது 77-வது வயதில் காலமானார். இரங்கல் குறிப்புகள் எல்லாவற்றிலும் அந்த 78-ம் வருஷத்து போஸ்டர் இருந்தது; கூடவே குப்தாக்களும் இருந்தார்கள்.

பெல் பாட்டிஞ்சரின் ஆசியக் கிளை மட்டும் தனியே பிரிந்து தப்பித்தது. 2017 செப்டம்பரில் அவர்கள் முதல் காரியமாகச் செய்தது, பழைய பெயரை எடுத்துவிட்டு ‘க்ளாரெகோ’ என்று புதுப் பெயர் வைத்துக்கொண்டது.