கூட்டல் குறி போட்டுப் பாருங்கள்

2016 மார்ச்சில், அமெரிக்க அதிபர் தேர்தல் களத்தில் இருந்த ஹிலாரி கிளின்டனின் தேர்தல் பிரசாரக் குழுத் தலைவர் ஜான் பொடெஸ்டாவுக்கு கூகுள் பெயரில் ஒரு மின்னஞ்சல் வந்தது. ‘பாஸ்வேர்டு களவுபோய்விட்டது, உடனே மாற்றுங்கள்’ என்ற எச்சரிக்கை. கீழே ஒரு பொத்தான். பொத்தானுக்குப் பின்னால் இருந்தது, நீண்ட முகவரியைச் சுருக்கித் தரும் பிட்லி நிறுவனத்தின் குறுஞ்சுட்டி. அது கொண்டுபோய் விட்டது போலி கூகுள் பக்கத்தில். அங்கே கொடுத்த பாஸ்வேர்டு திருடர்கள் கைக்குப் போனது. அக்டோபரில் பொடெஸ்டாவின் மின்னஞ்சல்களை விக்கிலீக்ஸ் தளம் வெளியிடத் தொடங்கியது.

குறுஞ்சுட்டி வேலை செய்யும் விதம் எளிது. அதைத் தரும் நிறுவனத்தின் சர்வரில் ஓர் அட்டவணை இருக்கும். ஒரு பக்கம் ஆறேழு எழுத்துக் குறியீடு, எதிரே முழு முகவரி. ஆங்கிலச் சிறிய எழுத்து 26, பெரிய எழுத்து 26, எண்கள் 10. இந்த 62-ஐ ஆறு இடங்களில் மாற்றி மாற்றிப் போட்டாலே சுமார் 5,680 கோடி குறியீடுகள் கிடைக்கும்.

சுட்டியைத் தட்டியதும் பிரவுசர் அந்த சர்வரிடம் கேட்கிறது. சர்வர் 301 அல்லது 302 என்ற எண்ணுடன் உண்மையான முகவரியைத் தருகிறது. பிரவுசர் மறுபேச்சில்லாமல் அங்கே போய்விடுகிறது. ஆக, முகவரி தெரிவது முதலில், போவது பிறகு. முகவரியை மட்டும் வாங்கிக்கொண்டு நாம் நின்றுவிடலாம்.

பிட்லி சுட்டியை காப்பி செய்து, கடைசியில் ஒரு கூட்டல் குறி சேர்த்துத் திறந்தால் அது எங்கே போகிறது என்று காட்டும். டைனியூஆர்எல் நிறுவனத்தின் குறுஞ்சுட்டி என்றால், முகவரியில் தளப் பெயருக்கு முன்னால் ‘பிரிவியூ’ என்ற ஆங்கிலச் சொல்லும் ஒரு புள்ளியும் சேர்க்க வேண்டும். மற்றவற்றை வைரஸ்டோட்டல் தளத்தில் ஒட்டிப் பார்க்கலாம். பல பாதுகாப்பு நிறுவனங்களின் கருத்தை அது ஒரே இடத்தில் காட்டும்.

முகவரி கிடைத்தால் மட்டும் போதாது, படிக்கவும் தெரிய வேண்டும். பொடெஸ்டாவுக்கு வந்தது ‘மைஅக்கவுண்ட்.கூகுள்.காம்-செக்யூரிட்டிசெட்டிங்பேஜ்.டிகே’. கண் ‘கூகுள்.காம்’ என்பதில் நின்றுவிடும். ஆனால் தொடக்கத்து ‘https://’-ஐ விட்டுவிட்டு, முதல் சாய்கோட்டுக்கு முன்னால் இருப்பதை வலமிருந்து இடமாகப் படிக்க வேண்டும். முடிவு ‘டிகே’, அதற்கு முன் ‘காம்-செக்யூரிட்டிசெட்டிங்பேஜ்’. தளத்தின் உரிமையாளர் யார் என்பதை இந்த இரண்டு துண்டுகள்தான் சொல்கின்றன. ‘கூகுள்’ என்பது அவர் தன் இஷ்டத்துக்கு முன்னால் ஒட்டிக்கொண்ட பெயர்.

சோதனைத் தளம் ‘ஆபத்தில்லை’ என்றாலும் முழுதாக நம்ப வேண்டாம். இன்று காலை முளைத்த போலிப் பக்கம் எந்தப் பட்டியலிலும் ஏறியிருக்காது. விரித்த முகவரி இன்னொரு குறுஞ்சுட்டியாக இருந்தால் அதையும் விரியுங்கள். வங்கி, மின்கட்டணம், கூரியர் என்று வந்தால் சுட்டியை விட்டுவிட்டு, அவர்களின் செயலியை நீங்களே திறந்து பாருங்கள். அப்படியும் பணம் பறிபோனால், இந்தியாவில் உடனே அழைக்க வேண்டிய எண் 1930.