இலவசப் பாட்டுக்கு நான் கொடுத்த விலை

கொழுந்து நிறுத்து முடித்து லயத்துக்கு வந்து, அடுப்பில் தேத்தண்ணி கொதிக்கும்போது ஒரு பாட்டுக் கேட்டால் உடம்பு வலியில் பாதி குறைந்துவிடும். எங்கள் அம்மா காலத்தில் அதற்கு வானொலி இருந்தது. நமக்குக் கைத்தொலைபேசி இருக்கிறது. அதில் பாட்டுத் தேடி நான் பட்ட பாட்டைச் சொன்னால், சகோதரிகளே, உங்களில் ஒருவருக்காவது உதவும்.

எங்கள் லயத்தில் சிக்னல் சரியாக வராது. கோயிலடிக்கு ஏறினால்தான் கிடைக்கும். அங்கே வைத்துப் பாட்டைத் தரவிறக்கிக்கொண்டால் வீட்டில் கேட்கலாம் என்று நினைத்தேன். தேடியபோது ‘முற்றிலும் இலவசம்’ என்று ஓர் இணையத்தளம் வந்தது. அமர்த்தச் சொன்ன இடத்தையெல்லாம் அமர்த்தினேன். பாட்டு வரவில்லை. ஏதோ ஒரு செயலி வந்து உட்கார்ந்தது. அன்றிலிருந்து விளம்பரத்துக்கு மேல் விளம்பரம். போட்ட ரீலோட் காசெல்லாம் நாலு நாளில் கரைந்தது. வீட்டில் இருப்பது அந்த ஒரு போன்தான். “அம்மா, டீச்சர் அனுப்பின பாடத்தைத் திறக்கவே முடியலையே” என்று மகள் அழுதபோதுதான் எனக்கு உறைத்தது.

ஹட்டனில் கணினி படிக்கும் அக்கா மகன் வந்து அதை நீக்கிக் கொடுத்தான். “சின்னம்மா, பாட்டுக் கோப்பின் பெயர் பெரும்பாலும் எம்பி3 என்று முடியும். ஏபிகே என்று முடிந்தால் அது பாட்டில்லை, செயலி. பாட்டுக் கேட்கும் செயலிக்கு உங்கள் குறுஞ்செய்தியை வாசிக்க அனுமதி எதற்கு? வங்கி அனுப்பும் இரகசிய இலக்கம் அதில்தானே வருகிறது!” என்றான்.

நேரான வழிகளையும் அவனே காட்டினான். ஸ்பொட்டிஃபை 2021 முதல் இலங்கையிலும் கிடைக்கிறது. பிளே ஸ்டோரிலிருந்து அதை எடுக்க வேண்டும். விளம்பரத்தோடு காசில்லாமல் கேட்கலாம், ஆனால் டேட்டா வேண்டும். சந்தா கட்டினால் பாட்டுகளை இறக்கி வைத்துச் சிக்னல் இல்லாத இடத்திலும் கேட்கலாம். 30 நாளுக்கு ஒருமுறையாவது இணையத்தோடு இணைக்க வேண்டும். சந்தா நின்றால் இறக்கியவையும் நின்றுவிடும். யூடியூப்பில் கலைஞர்களின் சொந்தப் பக்கங்களில் தாராளமாகக் கேட்கலாம். அதிலிருந்து பாட்டைப் பிடுங்கித் தரும் வேறு தளங்களை நாடுவது அதன் விதிக்கு மாறானது. ‘கிரியேட்டிவ் கொமன்ஸ்’ உரிமத்தோடு கலைஞர்களே மனமுவந்து தரும் பாட்டுகளும் உண்டு. அவற்றைப் பயமின்றி இறக்கலாம்.

“ஒரு பாட்டுக்கு இவ்வளவு சட்டமா?” என்று கேட்டேன். 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டப்படி, வேண்டுமென்றே பதிப்புரிமையை மீறினால் 6 மாதம் வரை சிறையோ, 5 இலட்சம் ரூபா வரை தண்டமோ, இரண்டுமோ விதிக்கலாமாம். சட்டம் கிடக்கட்டும். நாம் பறித்த கொழுந்தை நிறுக்காமலே தூக்கிக்கொண்டு போனால் நமக்கு வயிறு எரியாதா? பாடியவருக்கும் இசை அமைத்தவருக்கும் அதுதானே கூலி!

இன்னொன்றும் தோன்றியது. நம் மலைநாட்டு மக்களின் பாடல்களைத் தேடித் தொகுத்தார் சி.வி. வேலுப்பிள்ளை. அப்படிப்பட்ட தாலாட்டும் கும்மியும் நம் பாட்டிமார் வாயில் இன்னும் இருக்கின்றன. போனில் உள்ள ஒலிப்பதிவுக் கருவியைத் திறந்து, அவர்களிடம் கேட்டுக்கொண்டு பதிந்து வைத்தால் டேட்டாவும் வேண்டாம், வைரஸ் பயமும் இல்லை.

போன ஞாயிறு என் மாமியாரின் தாலாட்டைப் பதிந்தேன். இப்போது மகள் தினமும் கேட்பது அதைத்தான்.