இலங்கையர்கோனும் வானொலி நாடகமும்

வானொலி நாடகம் கேட்போர் நடிகரின் குரலை நினைவிற் கொள்வர். அக்குரலுக்குச் சொல் வழங்கிய எழுத்தாளனை நினைப்போர் மிகச் சிலரே. அவ்வாறு மறக்கப்படலாகாத ஒருவர் இலங்கையர்கோன்.

த. சிவஞானசுந்தரம் என்பது அவரது இயற்பெயர். 1915ஆம் ஆண்டு யாழ்ப்பாணத்து ஏழாலையிலே பிறந்தார். ஈழத்துச் சிறுகதையின் முன்னோடிகள் என்று சி. வைத்தியலிங்கம், சம்பந்தன் ஆகியோருடன் ஒருங்கு வைத்து எண்ணப்படுபவர். உத்தியோகத்தால் அவர் காரியாதிகாரி. காணிப் பிணக்கும் குடும்பப் பூசலும் பதவிப் பெருமையும் அத்தகைய அதிகாரியின் மேசைக்கு வந்தே தீரும். கிராமத்து விதானைமாரும் அவன் மேற்பார்வையில் இருந்தவர்களே. ஆகவே, இலங்கை வானொலிக்கு ‘விதானையார் வீட்டில்’ என்னும் தொடர் நாடகத்தை எழுத முற்பட்டபோது, கதைக்கு அவர் வெகுதூரம் செல்ல வேண்டியிருக்கவில்லை.

வானொலி நாடகத்திற்குத் திரையுமில்லை, ஒப்பனையுமில்லை. ஒருவர் உள்ளே வந்தார் என்பதைக் காலடியோசையோ மற்றொருவரின் விளிச்சொல்லோதான் அறிவிக்க வேண்டும். ஒரு காட்சியில் பலர் பேசினாற் கேட்பவர் குழம்புவர். எனவே ஒவ்வொருவருக்கும் தனித்த பேச்சு நடை வேண்டும். பேச்சே அங்கு முகமாகிறது. ஏட்டுத் தமிழால் இது இயலாது. இலங்கையர்கோன் யாழ்ப்பாணப் பேச்சுத் தமிழைக் கையாண்டார். ‘உது’, ‘உவர்’ என்று இலக்கணம் கூறும் உகரச் சுட்டு இன்றும் உயிர்வாழ்வது அப்பேச்சிலேயன்றோ! தம் வீட்டுத் திண்ணையிலே பேசுவது வானொலிக்கும் உரிய தமிழே என்பதை நாட்டு மக்கள் அத்தகைய நாடகங்களாலேயே உணர்ந்தனர்.

ஆயினும் ஒலிக்கு ஆயுள் குறைவு. இங்கிலாந்திலே நைஜல் நீல் என்பவரும் சிறுகதையிலிருந்து ஒலிபரப்புக்கு வந்தவரே. 1953இல் பி.பி.சி. தொலைக்காட்சிக்கு அவர் எழுதிய ‘தி குவாட்டர்மாஸ் எக்ஸ்பெரிமென்ட்’ என்னும் ஆறு பகுதித் தொடர் நேரடியாக நடித்து ஒளிபரப்பப்பட்டது. இன்று எஞ்சியிருப்பவை முதலிரு பகுதிகளின் பதிவுகளே. ஏனைய நான்கையும் நாம் அறிவது, எழுத்துப்படி நூலாக அச்சேறியமையாலேயே.

இலங்கையர்கோன் 1961இல், நாற்பத்தாறாம் அகவையிலே மறைந்தார். மறு ஆண்டு ‘வெள்ளிப் பாதசரம்’ என்னும் சிறுகதைத் தொகுதி வெளிவந்தது. கதாசிரியரை அந்நூல் காத்தது. வானொலி எழுத்தாளரைக் காக்க வேண்டியவை நாடகப் படிகளே.

இதனைச் சம்மாந்துறையிலிருந்து எண்ணிப் பார்ப்பது பொருத்தமாகும். இங்கும் விதானை என்னும் சொல் உண்டு; வயற்கண்டத்தின் நீரையும் வேலியையும் கவனிப்பவர் வட்டை விதானை. போடியாரும் முல்லைக்காரரும் வரம்பிலே நின்று பேசும் பேச்சும், ‘வாப்பா’, ‘உம்மா’ என்னும் அழைப்பும், ‘மறுகா’ என்று கதை தொடரும் வழக்கும் இம்மண்ணுக்கே உரிய செல்வம். யாழ்ப்பாணத்துத் திண்ணைக்கு ஓர் இலங்கையர்கோன் வாய்த்தார். வயல் வரம்பின் பேச்சைக் கேட்டு வளரும் இவ்வூர் இளைஞர் அதனை நாடகமாக எழுதுவாராயின், எழுதிய படியைப் பேணியும் வைப்பாராயின், அவர் செய்யும் தொண்டு ஓர் இரவின் ஒலிபரப்போடு முடிந்துவிடாது.