விரல் பத்திரம்! வீட்டு வேலைக்கு எந்த ரம்ப மெஷின்?



போன மாதம் வட்டாரக் கூட்டத்தில் வரவு செலவு வாசித்து முடித்த பிறகு ஒரு குழுவின் பிரதிநிதி எழுந்தார். "ஒரு ரம்ப மெஷினைக் கூட்டமைப்புல வாங்கி வெச்சா எல்லாக் குழுவும் எடுத்துக்கலாமே" என்றார். சிலர் சிரித்தார்கள். அவர் சிரிக்கவில்லை. தன் குழுவில் நடந்ததைச் சொன்னார்.

அவர் குழுவில் பூ கட்டி விற்கும் ஒரு அக்கா இருக்கிறார். திண்ணையில் சின்னதாக ஒரு கடை போட பிளைவுட் அலமாரி தேவைப்பட்டது. ஆசாரி இன்றைக்கு, நாளைக்கு என்று இழுத்தார். டைல்ஸ் வேலைக்கு வைத்திருந்த கட்டிங் மெஷினில் மர பிளேடு மாட்டி யாரோ இரவல் கொடுக்க, அக்காவே மூன்று மணி நேரம் அறுத்திருக்கிறார். ஒரு தடவை மெஷின் துள்ளி முந்தானையைக் கிழித்தது. அன்று இரவு விரலெல்லாம் விறுவிறு என்று ஒரே குறுகுறுப்பு. காலையில் பூவை எடுத்தால் முடிச்சுப் போட விரல் வரவில்லை. இரண்டு நாள் பூ வாங்கவில்லை. அந்த வாரத் தவணையைக் கைமாற்று வாங்கித்தான் கட்டினார்.

இந்த அக்கா முதலில் எங்களிடம்தான் கேட்டார். "அதெல்லாம் ஆம்பளைங்க வேலைக்கா, ஆசாரிக்குக் காத்திருங்க" என்று சொல்லி அனுப்பிவிட்டோம். அது எங்கள் தவறு. எந்த மெஷின், எப்படிப் பிடிப்பது என்று அன்றே விசாரித்துச் சொல்லியிருக்க வேண்டும். அதை இப்போது எழுதுகிறோம்.

விரல் ஏன் மரத்துப் போகிறது?

மெஷினின் அதிர்வு கைப்பிடி வழியாக விரலுக்கு வருகிறது. விரலில் உள்ள மெல்லிய ரத்தக் குழாய்களையும் நரம்புகளையும் அது பாதிக்கிறது. 1918-ல் அமெரிக்காவில் இந்தியானா மாநிலத்தின் பெட்ஃபோர்டு ஊரில், காற்றால் இயங்கும் சுத்தியலைப் பிடித்துக் கல் செதுக்கியவர்களை ஆலிஸ் ஹாமில்டன் என்ற பெண் மருத்துவர் பரிசோதித்தார். குளிர் நேரத்தில் அவர்கள் விரல்கள் வெளுத்து, உணர்வில்லாமல் போவதைப் பதிவு செய்தார். ஒரு நாள் வேலையில் வரும் குறுகுறுப்பு பெரும்பாலும் தானாகப் போய்விடும். வருடக் கணக்கில் தொடர்ந்தால் உணர்வு திரும்பாமலே போகலாம்.

பூ கட்டுவது, பீடி சுற்றுவது, தைப்பது, பால் கறப்பது என்று நம்மில் பலருக்கும் பிழைப்பே விரலில்தான் இருக்கிறது. அதனால் மெஷின் வாங்கும்போது விலையோடு அதிர்வையும் பார்க்க வேண்டும்.

அதிர்வை எப்படித் தெரிந்துகொள்வது?

மெஷினோடு வரும் புத்தகத்தில் 'வைப்ரேஷன்' என்ற தலைப்பில் ஓர் எண் இருக்கும். பக்கத்தில் 'கே' என்று இன்னொரு சிறிய எண்ணும் இருக்கும். இரண்டையும் கூட்டிக்கொள்ளுங்கள். ஐரோப்பிய ஒன்றியம் 2002-ல் தொழிலாளர்களுக்காக ஒரு விதி கொண்டுவந்தது. ஒரு நாளில் கையில் ஏறும் அதிர்வு, 8 மணி நேரக் கணக்கில் 2.5-ஐத் தாண்டினால் முதலாளி தடுப்பு நடவடிக்கை எடுக்க வேண்டும். 5-ஐத் தாண்டவே கூடாது.

கணக்கு எளிது. எண் இரண்டு மடங்கானால் நேரம் கால் பங்காகும். எண் 2.5 என்றால் 8 மணி நேரம், 5 என்றால் 2 மணி நேரம், 10 என்றால் அரை மணி நேரம்தான். இது சுவிட்சை அழுத்தி ஓட்டும் நேரம் மட்டுமே. அளப்பதும் கோடு போடுவதும் இதில் சேராது. கைப்பிடியில் ரப்பர் இருக்கிறது என்பதாலேயே அதிர்வு குறைவு என்று கடைக்காரர் சொன்னால் நம்பிவிடாதீர்கள். எண்ணைக் காட்டச் சொல்லுங்கள்.

எந்த மெஷின் எதற்கு?

கல் அறுக்கும் கட்டரிலும் கிரைண்டரிலும் மர பிளேடு மாட்டவே வேண்டாம். அவை நிமிடத்துக்குப் பத்தாயிரம் சுற்றுக்கு மேல் ஓடுபவை. மரத்தில் பிளேடு சிக்கினால் மெஷின் நம் பக்கம் துள்ளும்.

சர்க்குலர் சா, நீளமாக நேராக அறுக்க நல்லது. பிளேடு வட்டமாகச் சுற்றுவதால் அதிர்வும் பொதுவாகக் குறைவு. ஆனால் சிக்கினால் இதுவும் துள்ளும். கீழே தானாக மூடிக்கொள்ளும் காப்பு மூடி கட்டாயம் வேலை செய்ய வேண்டும். அதிர்வு குறைவு என்றால் ஆபத்து குறைவு என்று அர்த்தமில்லை. பழகியவர்களுக்கு மட்டும் இது.

முதலில் பழக ஏற்றது ஜிக்சா. 1946-ல் சுவிட்சர்லாந்தில் ஆல்பர்ட் காஃப்மன் என்பவர், மனைவியின் தையல் மெஷினில் ஊசிக்குப் பதிலாக ரம்பத் துண்டை மாட்டிப் பார்த்ததில்தான் இது பிறந்தது என்று சொல்வார்கள். ஊசி மாதிரியே பிளேடு மேலும் கீழும் ஓடும். அலமாரிப் பலகை, கோழிக்கூட்டுச் சட்டம், வளைவு எல்லாம் அறுக்கலாம். மேலும் கீழும் ஓடுவதால் அதிர்வு கொஞ்சம் அதிகம். சில மெஷின்களில் பிளேடுக்கு எதிர்த் திசையில் ஓடும் எடை உள்ளே இருக்கும். அது அதிர்வைக் குறைக்கும்.

அதிர்வு குறைய நாம் செய்ய வேண்டியவை

• பலகையை கிளாம்ப் போட்டு மேசையோடு இறுக்குங்கள். தனியாக ஆடும் பலகை கையையும் ஆட்டும்.
• தையல் மெஷினின் பாதம் துணியை அழுத்துவது போல, ஜிக்சாவின் அடித்தட்டு பலகையில் நன்றாகப் படிந்திருக்க வேண்டும்.
• மழுங்கிய பிளேடை உடனே மாற்றுங்கள்.
• துணியை இழுத்துத் தைத்தால் ஊசி உடையும் இல்லையா? இங்கேயும் தள்ளாதீர்கள். பிளேடு போகும் வேகத்துக்குக் கை போகட்டும்.
• நழுவாத அளவுக்குப் பிடித்தால் போதும், இறுக்கி நெரிக்க வேண்டாம்.
• பத்து நிமிடத்துக்கு ஒருமுறை நிறுத்தி விரலை மடக்கி நீட்டுங்கள்.

சாதாரண பிளேடு மேல் நோக்கி அறுப்பதால் பலகையின் மேல் பக்கம் சிலும்பும். நல்ல பக்கத்தைக் கீழே வையுங்கள்.

சுவிட்ச் போடுமுன்

முந்தானையை இழுத்துச் செருகுங்கள். துப்பட்டா, வளையல், தொளதொள கையுறை வேண்டாம். தலைமுடியைக் கொண்டை போடுங்கள். கண்ணாடியும் மாஸ்க்கும் போடுங்கள். ஒயர் பிளேடுக்குப் பின்னால் இருக்கட்டும். பலகைக்கு அடியில் கை வைக்கக் கூடாது. பிளேடு மாற்றும்போது பிளக்கைப் பிடுங்கிவிடுங்கள். பிள்ளைகள் பக்கத்தில் வேண்டாம்.

இரவில் விரல் மரத்து விழிப்பு வந்தால், அல்லது விரல் வெளுத்தால், மெஷினை நிறுத்திவிட்டு மருத்துவரிடம் போங்கள். "வேலை செஞ்ச அசதி" என்று விட்டுவிடாதீர்கள்.

அடுத்த கூட்டத்தில் முடிவு செய்வோம்

கூட்டமைப்பில் ஒரு ஜிக்சா, இரண்டு கிளாம்ப், கண்ணாடி வாங்கலாமா என்று உங்கள் குழுவில் பேசித் தீர்மானம் எழுதி வாருங்கள். வாங்கினால், ஒரு ஆசாரியைக் கூப்பிட்டு ஒரு நாள் பழகிய பிறகே எடுத்துப் போகலாம். பதிவேட்டில் யார் எடுத்தார், எத்தனை நிமிடம் ஓட்டினார் என்று எழுத வேண்டும்.

அந்த அக்காவின் அலமாரி இன்னும் பாதியில்தான் நிற்கிறது. மெஷின் வந்தால் முதல் பலகையை அவர் திண்ணையில் வைத்தே அறுப்போம். பழகிக்கொள்ள நாங்களும் வருகிறோம்.